எல்9-இல் பிழை எங்கே போனது?

ஓசூர் சிப்காட்டில் டை காஸ்டிங் யூனிட் நடத்தும் நண்பர் ஒரு டகுச்சி ரிப்போர்ட் காட்டினார். நாலு காரணி, மூன்று நிலை. 81 சோதனைக்குப் பதில் எல்9 அட்டவணையில் 9. இதை வைத்துத்தான் அச்சின் வெப்பத்தை மாற்றப் போறாராம்.

கணக்கைப் பாருங்க: 9 சோதனைக்கு 8 டிகிரி ஆஃப் ஃப்ரீடம். நாலு காரணிக்கே எட்டும் தீர்ந்தது. பிழையை அளக்க மிச்சமில்லை. பிறகு எஃப் மதிப்பு எப்படி வந்தது? இருப்பதிலேயே சின்ன விளைவுக்குப் ‘பிழை’ என்று பேர் வைத்து அதால் வகுத்திருக்கிறார்கள். எஃப் பெருக்காமல் என்ன செய்யும்! போதாததற்கு முதலிரண்டு காரணிகளின் கூட்டு விளைவு 3, 4-ஆம் பத்திகளில் கலந்துகிடக்கிறது.

(‘ஜப்பான் முறை’யாம். ஆர்த்தகனல் அட்டவணைக் கணிதம் 1940களில் சி.ஆர். ராவ் தந்தது.)

ஒவ்வொரு சோதனையையும் சீட்டுக் குலுக்கி இரண்டு தடவை ஓட்டச் சொன்னேன். கலப்பு தீராது, பிழையாவது தெரியும்.

"லைனை நிறுத்தணுமேப்பா" என்றார்.