காடு வேறு, உடைமை வேறு

ஒரு நிலம் காடா என்பது ஒரு கேள்வி. அது அரசுக்கு உரியதா என்பது வேறு கேள்வி. முதலாவது, மண்ணின்மேல் என்ன நிற்கிறது, அதை என்ன செய்யலாம் என்பதைப் பற்றியது. இரண்டாவது, பட்டா யார் பெயரில் இருக்க வேண்டும் என்பதைப் பற்றியது. தனியார் விளைநிலம் வனமா என்று பல பத்தாண்டுகளாக நீளும் வழக்குகளில், இவ்விரண்டையும் ஒன்றாகக் குழப்பியதுதான் அடிப்படைப் பிழை. அதை நீலகிரியின் கூடலூரில் தெளிவாகக் காணலாம்.

முதல் கேள்விக்கு உச்ச நீதிமன்றம் கூடலூர் வழக்கிலேயே நல்ல விடை தந்தது. தம் குடும்பத்திடம் ஒருகாலத்தில் இருந்த காடுகள் வெட்டப்படுவதை எதிர்த்து, நிலம்பூர் கோவிலகம் என்ற அரச குடும்பத்தைச் சேர்ந்த கோதவர்மன் திருமுல்பாடு 1995இல் வழக்குத் தொடுத்தார். காடு என்ற சொல்லுக்கு அகராதிப் பொருளையே கொள்ள வேண்டும், உரிமையாளர் யாரென்று பார்க்க வேண்டியதில்லை என்று 1996 டிசம்பர் 12 அன்று நீதிமன்றம் ஆணையிட்டது. 1980ஆம் ஆண்டு வனப் பாதுகாப்புச் சட்டத்தின் காப்பு இதனால் தனியார் காடுகளுக்கும் கிடைத்தது. 2023ஆம் ஆண்டுத் திருத்தம் இந்தப் பொருளைச் சுருக்கியபோதும், பழைய பொருளையே பின்பற்றுமாறு 2024 பிப்ரவரியில் நீதிமன்றம் இடைக்கால உத்தரவு இட்டது. இந்த அணுகுமுறையின் வலிமை, அது உடைமையைத் தொடாததில் இருக்கிறது. பட்டா உரியவரிடமே இருக்கும். காட்டை அழித்து வேறொன்றாக மாற்ற மட்டும் மத்திய அரசின் ஒப்புதல் வேண்டும்.

இரண்டாவது கேள்விக்கு அப்படியொரு தெளிவு வாய்க்கவில்லை. கூடலூரில் ஜென்மம் எனப்படும் பரம்பரை உடைமையாக இருந்த சுமார் 80,000 ஏக்கர் நிலத்தை, பயிரிடுபவர் அரசிடமிருந்து நேரடியாக நிலம் பெறும் ரயத்துவாரி முறைக்குக் கொண்டுவர 1969இல் தமிழ்நாடு சட்டம் இயற்றியது. அந்நிலத்திலுள்ள காடுகளை அரசு எடுத்துக்கொள்வது வேளாண் சீர்திருத்தம் ஆகாது என்று 1972இல் உச்ச நீதிமன்றம் சட்டத்தின் அந்தப் பகுதியை நீக்கியது. 1974இல் சட்டம், நீதிமன்ற ஆய்விலிருந்து காப்பு அளிக்கும் அரசமைப்பின் ஒன்பதாவது அட்டவணைக்குள் சென்றது. அதன்மீது எழுந்த வழக்கில்தான் 2007இல் ஒன்பது நீதிபதிகள் அமர்வு அந்தக் காப்புக்கு வரம்பு வகுத்த புகழ்பெற்ற தீர்ப்பை அளித்தது. அரசமைப்பின் உச்சியில் விவாதம் இப்படி நடந்துகொண்டிருக்க, கீழே அந்தச் சட்டத்தின் ஒரு பிரிவைக் குறிக்கும் பிரிவு 17 நிலம் என்ற பெயரில் பெரும்பரப்பு தீர்வின்றிக் கிடந்தது. அங்கே குடியேறிப் பயிரிட்டவர்கள் பட்டா இல்லாததால் மின் இணைப்புக்கே போராட நேர்ந்தது. 2006ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டமும் இவர்களுக்குப் பெரிதாக உதவாது. பழங்குடியினர் அல்லாதோர் 2005 டிசம்பர் 13க்கு முன் 75 ஆண்டுகள் அங்கே வாழ்ந்திருக்க வேண்டும் என்கிறது அது. 1940களுக்குப் பின் வந்தவர்களுக்கு அந்தக் கணக்கு எட்டாது.

உடைமையைக் காகிதத்தைக் கொண்டே மாற்றினால் என்ன ஆகும் என்பதற்கு மகாராஷ்டிரம் சான்று. அங்கே 1975ஆம் ஆண்டுச் சட்டம் தனியார் காடுகளை அரசுடைமை ஆக்கியது. 1950களில் வெளியான அறிவிப்புகளைச் சுட்டி, அரை நூற்றாண்டு கழித்து வருவாய்ப் பதிவேடுகளில் பல நிலங்கள் காடு என எழுதப்பட்டன. அவற்றில் சிலவற்றில் அடுக்குமாடிக் குடியிருப்புகளே எழுந்திருந்தன. அறிவிப்பு உரியவர் கையில் சேர்ந்திருக்க வேண்டும், மறுப்புச் சொல்ல அவருக்கு வாய்ப்புத் தரப்பட்டிருக்க வேண்டும், கிடப்பில் போன அறிவிப்புக்கு உயிரில்லை என்று 2014இல் கோத்ரெஜ் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது.

பட்டா கொடுத்தால் நிலம் சொகுசு விடுதிகளுக்குப் போய்விடும், யானை வழித்தடம் அடைபடும் என்று சூழலியலாளர்கள் அஞ்சுவது நியாயமே. ஆனால் அந்த ஆபத்தைத் தடுக்க வேண்டியது பயன்பாட்டுக் கட்டுப்பாடு. 1996ஆம் ஆண்டு ஆணையும் 1949ஆம் ஆண்டுத் தனியார் காடுகள் பாதுகாப்புச் சட்டமும் பட்டா நிலத்தில் நிற்கும் காட்டையும் கட்டுப்படுத்துகின்றன. விசாரணை முடிவதற்குள் மரங்கள் விழுந்துவிடும் என்றால், வெட்டுவதற்கு உடனே தடை விதிக்கலாம்; அதற்காக உழுபவரின் உரிமையைப் பறிக்கத் தேவையில்லை. ஆக்கிரமிப்புக்குப் பரிசளிப்பதாகாதா என்ற கேள்விக்கும் விடை விசாரணையில்தான் உண்டு. யார் எப்போது வந்தார், எதைப் பயிரிட்டார் என்று களத்தில் அளந்து பார்க்காமல் சிறு விவசாயியையும் காடழித்த பெருந்தோட்டக்காரரையும் பிரித்தறிய வழியில்லை.

ஐயத்தின் பேரில் கோடரியை நிறுத்தலாம். ஐயத்தின் பேரில் ஒருவருடைய நிலத்தை எடுக்கக் கூடாது. காட்டைக் காக்க முன்னெச்சரிக்கை போதும். உடைமையை மாற்றுவதற்கோ குறித்த நாள், நேரடி அளவீடு, கையில் சேர்ந்த அறிவிப்பு, செவிகொடுத்த விசாரணை ஆகிய நான்கும் வேண்டும். கூடலூரின் பிரிவு 17 நிலங்களில் அந்த வேலையை அரசு தொடங்கி முடிக்கும்வரை மரத்துக்கும் பாதுகாப்பில்லை, மனிதருக்கும் நிம்மதியில்லை.