பாவையின் வாயும் பேச்சும்: ‘தி டார்க் கிரிஸ்டல்’ – உயர்தெளிவு வட்டில் ஒரு மறுநோக்கு

1. ஜிம் ஹென்சன், ஃபிராங்க் ஆஸ் ஆகிய இருவரும் இயக்கி 1982 டிசம்பரில் வெளிவந்த ‘தி டார்க் கிரிஸ்டல்’, மனித முகமே தோன்றாத பாவைத் திரைப்படமாகும். உருவங்களைப் பிரையன் ஃபிரௌட் வடிவமைத்தார். 2009இல் புளூரே வட்டாகவும், மூலப் படச்சுருளிலிருந்து சீரமைக்கப்பெற்று 2018இல் 4கே வட்டாகவும் இப்படம் வெளியிடப்பெற்றது. உயர்தெளிவில் காணும்போது இப்படத்தின் மொழி குறித்து எழும் வினாக்களை இக்கட்டுரை ஆராய்கிறது.

2. தெளிவு மிகுந்த படிமம் எல்லாப் பாவைகளுக்கும் ஒரே வகையில் துணைநிற்கவில்லை. கொடுங்கோலரான ஸ்கெக்சிஸ்களின் நைந்த பட்டாடை, தோற்சுருக்கம், ஈரக்கண் ஆகியவை முன்னினும் உயிர்ப்புப் பெறுகின்றன. கதைத்தலைவர்களான ஜென், கீரா ஆகிய கெல்ஃப்ளிங்குகளின் முகமோ அசைவற்று நிற்பது வெளிப்படையாகிறது. இவ்வேறுபாட்டிற்கு மொழியியல் நோக்கிலும் காரணம் கூறலாம். கெல்ஃப்ளிங்கின் வாய் மனித வாயை ஒத்தது. எனவே ப, ம போன்ற ஈரிதழ் ஒலிகள் கேட்கும்போது இதழ்கள் பொருந்துவதைக் கண் எதிர்பார்க்கிறது. எதிர்பார்ப்பு நிறைவேறாதபோது பாவை பாவையாகவே எஞ்சுகிறது. ஸ்கெக்சிஸின் அலகில் இதழே இல்லை. அலகு திறந்து மூடுவது ஒலியைக் காட்டுவதில்லை. அசையின் எண்ணிக்கையையும் அழுத்தத்தையும் மட்டுமே காட்டுகிறது. கண் அதற்குமேல் எதிர்பார்ப்பதில்லை.

3. இப்பண்பே படத்தின் மொழி வரலாற்றிலும் ஒரு மாற்றத்திற்கு இடமளித்தது. ஸ்கெக்சிஸ்கள் புனைந்த மொழியொன்றிலேயே பேசவேண்டும் என்பது தொடக்கத் திட்டம். அம்மொழியை ஆக்கியவர் யார், அதற்கு அடிப்படை எது என்பன பற்றிப் படக்குழுவினர் கூற்றுகள் வேறுபடுகின்றன. எழுத்தாளர் ஆலன் கார்னர் பண்டை எகிப்திய மொழியைத் தழுவி ஆக்கினார் என்பது தயாரிப்பாளர் கேரி கர்ட்ஸின் கூற்று. இந்தோ-ஐரோப்பிய வேர்ச்சொற்களிலிருந்து தாமே ஆக்கியதாகத் திரைக்கதை ஆசிரியர் டேவிட் ஓடெல் கூறியுள்ளார். முன்னோட்டக் காட்சியில் பார்வையாளர் வரவேற்பு சாதகமாக அமையாததால், முன்னரே படமாக்கப்பட்ட அலகசைவுக்கு ஏற்ப ஆங்கில உரையாடல் எழுதிச் சேர்க்கப்பட்டது. மனித வாய்க்கு இத்தகைய மாற்றம் எளிதன்று, அலகுக்கு எளிதாயிற்று.

4. இம்மாற்றத்தால் கதை தெளிவடைந்தது. ஆனால் அச்சம் குறைந்தது. இப்படத்தின் வலிமையான இடங்கள் சொல்லைச் சாராதவை. மன்னன் இறந்தபின் ஆட்சிக்காக இருவர் வாளால் கல்லை வெட்டிப் போட்டியிடுவதும், தோற்றவனின் ஆடைகளைப் பிறர் கிழித்தெறிவதும் மொழிபெயர்ப்பின்றியே விளங்குகின்றன. சேம்பர்லெயினின் முனகல் பொருளற்ற ஒலியாயினும் அவனது சூழ்ச்சியை உரையாடலினும் நன்கு உணர்த்துகிறது. செர்போ-குரோவாசிய மொழியை அடிப்படையாகக் கொண்ட பாட்லிங்குகளின் பேச்சு பெயர்க்கப்படாமலே நிற்கிறது. பார்வையாளர் அதனால் இடர்ப்படுவதில்லை. ஆயின், புரியாமை மட்டுமே தடையாக இருந்தது எனக் கொள்வதற்கில்லை.

5. நீக்கப்பட்ட மொழியுடன் கூடிய சில காட்சிகள் குறுவட்டுகளில் கூடுதல் பகுதியாக இடம்பெற்றுள்ளன. அவற்றின் படிமம் மங்கலானது. எனினும் மொழியாய்வாளருக்குச் சீரமைக்கப்பெற்ற படத்திற்கு நிகரான மதிப்புடையது. படச்சுருளின் நிறத்தையும் நுண்மையையும் மீட்பதோடு சீரமைப்பு நின்றுவிடலாகாது. ஒரு படைப்பு கைவிட்ட மொழியும் அதன் மூலங்களுள் ஒன்றே. அதனையும் முழுமையாகத் தொகுத்துப் பேணுவது, படிமத்தைத் துலக்குவதற்கு இணையான கடமை எனலாம்.