சாம்பார் பொடியும் சைன் முப்பதும்

எட்டயபுரத்தில் அக்கா வீட்டுக்குப் போயிருந்தேன். காபி டம்ளரைக் கீழே வைப்பதற்குள், பிளஸ் டூ படிக்கும் அக்கா மகள் லேப்டாப்போடு பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

'மாமா, இந்த மெசின் பொய் சொல்லுதா?'

பைத்தானில் அவள் எழுதியிருந்தது இரண்டே வரி. சைன் 30 எவ்வளவு என்று கேட்டிருந்தாள். பத்தாம் வகுப்பு படித்த எல்லோருக்கும் தெரியும், விடை அரை. கம்ப்யூட்டர் சொன்ன விடை: மைனஸ் 0.988!

'ஸ்கூல்ல கேட்டியாம்மா?'

'கேட்டேன். அவுட்புட் வந்தா மார்க் உண்டு, போய் உட்காருன்னுட்டாங்க.'

நான் பி.காம். டெபிட்டும் கிரெடிட்டும் டேலி ஆகாவிட்டால் ராத்திரி தூக்கம் வராத ரகம். அரை மணி நேரம் இரண்டு பேருமாகத் துருவியதில் குட்டு வெளிப்பட்டது. அவள் 30 டிகிரி என்று நினைத்துக் கொடுத்தாள். உள்ளே இருந்த சரக்கு அதை 30 ரேடியன் என்று எடுத்துக்கொண்டது. ஒரு ரேடியன் என்பது சுமார் 57.3 டிகிரி. ஆக, மெஷின் பொய் சொல்லவில்லை. வேறு ஒரு கேள்விக்குச் சரியான பதில் சொல்லியிருக்கிறது.

அந்த 'உள்ளே இருந்த சரக்கு' மீதுதான் இந்த வாரம் எனக்கு ஒரு வழக்கு.

பைத்தான் மொழிக்குத் தானாகத் தெரிந்த கணக்கு கொஞ்சம்தான். கூட்டல், கழித்தல், பெருக்கல், வகுத்தல், அடுக்கு என்று நம்ம மளிகைக் கடை அண்ணாச்சி அளவுக்கு. சைன், லாக் வேண்டுமென்றால் 'மேத்' என்ற லைப்ரரியைக் கூப்பிட வேண்டும். அதுவும் சைனைத் தானே கணக்கிடாது. சி மொழியில் எழுதி, கம்பைல் செய்து வைத்திருக்கும் இன்னொரு லைப்ரரியிடம் கேட்டு வாங்கித் தரும். விண்டோஸில் 'டி.எல்.எல். ஃபைலைக் காணோம்' என்று எப்போதாவது அலறியிருக்குமே, அந்த வம்சம்.

கம்பைல் என்றால் என்ன? சாம்பார் பொடி என்று வைத்துக்கொள்ளுங்கள். மல்லி இத்தனை, மிளகாய் இத்தனை, வெந்தயம் இத்தனை என்று அம்மா எழுதி வைத்த சீட்டு இருக்கிறதே, அது சோர்ஸ் கோட். வறுத்து அரைத்துவிட்டால் பொடி. அதுதான் கம்பைல் செய்த ஃபைல். சட்டென்று சமைக்கலாம். ஆனால் பொடியை எத்தனை நேரம் உற்றுப் பார்த்தாலும் வெந்தயம் எவ்வளவு என்று தெரியாது.

அரைத்த பொடியை வாங்குவதில் தப்பே இல்லை. தினமும் அம்மிக்கு முன்னால் உட்கார்ந்தால் ஆபீஸ் போவது எப்போது? என் புகார் எல்லாம், சீட்டைத் தொலைத்துவிட்டுப் பொடியை மட்டும் பத்திரப்படுத்துகிறவர்கள் மீதுதான். அதில் நமக்குப் பழைய அனுபவம் உண்டு.

2023-ல் சனிப்பெயர்ச்சி எப்போது நடந்தது? திருக்கணிதக்காரர்கள் ஜனவரி 17 என்றார்கள். வாக்கியப் பஞ்சாங்கப்படி திருநள்ளாறில் கொண்டாடியது டிசம்பர் 20. ஒரே சனி, ஒரே வானம், பதினோரு மாத வித்தியாசம்!

வாக்கியம் என்பது அந்தக் காலத்து லைப்ரரி. உதாரணமாக, சந்திரன் எந்த நாளில் எங்கே இருக்கும் என்பதை முன்கூட்டியே கணித்து, எண்களை எழுத்துகளாக மாற்றி, 248 குட்டி வாக்கியங்களாகக் கட்டி வைத்தார்கள். மனப்பாடம் செய்தால் போதும். வான சாஸ்திரம் தெரிய வேண்டியதில்லை.

1825-ல் சென்னையில் 'கால சங்கலித' என்ற நூலை வெளியிட்ட ஜான் வாரன், இப்படி ஒருவரை நமக்குக் காட்டுகிறார். பாண்டிச்சேரியில் பஞ்சாங்கம் கணிக்கும் தமிழர். தரையில் சோழிகளைப் பரப்பி, மனப்பாடமாக இருந்த அட்டவணைகளை வைத்தே அந்த ஆண்டின் சந்திர கிரகணத்தைக் கணக்கிட்டார். தொடக்கத்தில் 4 நிமிடம்தான் பிசகு. முடிவில் 52 நிமிடம். கையில் பேப்பர், பென்சில் இல்லாத மனிதருக்கு இது அசாத்தியமான சாதனை. ஆனால் கணக்குக்குப் பின்னால் இருக்கும் தத்துவம் அவருக்குத் துளியும் தெரியாது என்றும் வாரன் எழுதுகிறார். தெரியாவிட்டால் எப்படித் திருத்துவது? வாக்கியத்தின் அடிப்படை அளவுகள் பழசாகிப் போனதற்கு சனி என்ன செய்வார், பாவம்!

இது பஞ்சாங்கத்துக்கு மட்டும் வந்த வியாதி இல்லை. 1994-ல் இன்டெல்லின் பென்டியம் சிப் வகுத்தலில் தப்பு செய்தது. உள்ளே பதித்த அட்டவணையில் சில எண்கள் விடுபட்டுப் போயிருந்தன. கண்டுபிடித்தவர் தாமஸ் நைஸ்லி என்ற அமெரிக்கக் கணிதப் பேராசிரியர். வந்த விடையை அப்படியே நம்பாமல் சரிபார்க்கிற ஆசாமி. இன்டெல் இதற்காக ஒதுக்கிய தொகை 47.5 கோடி டாலர்.

அக்கா வீட்டிலிருந்து நடக்கிற தூரத்தில் பாரதி பிறந்த வீடு. 'கனவு' என்ற தன் சுயசரிதைப் பாட்டில் அவர் அங்கலாய்ப்பதும் இதைத்தான். பன்னிரண்டு வருஷம் கணிதம் படிக்கிறார்கள், வானத்தில் ஒரு நட்சத்திரத்தின் இடம் சொல்லத் தெரியவில்லை என்கிறார். அக்கா மகளுக்கும் இது பன்னிரண்டாவது வருஷம்!

தமிழிலேயே நிரல் எழுதலாம் என்று 'எழில்' மொழியை உருவாக்கினார் முத்து அண்ணாமலை. 2009-ல் அதைப் பற்றிக் கட்டுரை வெளியிட்டார். பிறகு என். சொக்கனோடு சேர்ந்து 'தமிழில் நிரல் எழுது' என்று புத்தகமும் போட்டார். நல்ல முயற்சி. 'பதிப்பி', 'பின்கொடு' என்று கட்டளைகள் தமிழில். நிபந்தனையை முதலில் சொல்லி 'ஆனால்' என்பதைப் பின்னால் போடுகிறது, நம் பேச்சு மாதிரியே. சீட்டையும் ஒளிக்கவில்லை, சோர்ஸ் கோட் யாரும் பார்க்கலாம்.

ஆனால் எழில் நிற்பது பைத்தான் மீது. பைத்தான் சாய்வது சி மீது. சைனுக்கு எத்தனை அழகான தமிழ்ப் பெயர் வைத்தாலும், அடியில் இருப்பதை அப்படியே கூப்பிட்டால் 30 என்பது 30 ரேடியன்தான். பெயர் தமிழில் வந்ததும் கணக்கும் தமிழுக்கு வந்துவிட்டதாக மேடையில் யாராவது முழங்கினால், கைதட்டுவதற்கு முன் கொஞ்சம் யோசியுங்கள். உள்ளே என்ன போகிறது, என்ன வெளியே வருகிறது, ஏன் வருகிறது என்பதைப் பிள்ளைகளுக்குப் புரிகிற தமிழில் சொல்லுகிற வாத்தியார்தான் முதலில் வேண்டும். அவுட்புட்டுக்கு மார்க் போடுகிறவர் வேண்டாம்.

ராத்திரி சாப்பாட்டுக்குப் பிறகு அவளிடம் ஒரு நோட்டைக் கொடுத்தேன். 30 டிகிரி என்பது 0.5236 ரேடியன். கேரளத்து மாதவர் 14-ம் நூற்றாண்டு வாக்கில் கண்ட தொடரில் மூன்றே உறுப்புகளை எடுத்துக்கொண்டோம். முதலில் அந்த எண். அதிலிருந்து, அதன் மூன்றாம் அடுக்கை 6-ஆல் வகுத்துக் கழிக்க வேண்டும். பிறகு ஐந்தாம் அடுக்கை 120-ஆல் வகுத்துக் கூட்ட வேண்டும். 0.5236, கழித்தல் 0.0239, கூட்டல் 0.0003.

பென்சிலை வைத்துவிட்டு நிமிர்ந்தாள். '0.5000 வருது மாமா!'

டேலி ஆகிவிட்டது. நான் தூங்கப் போனேன். அவள் சைன் 45-ஐ ஆரம்பித்திருந்தாள்.