எதை வெட்டினே தம்பி?

கேரம் போர்டைச் சுற்றி எத்தனை பேர் நிற்பார்கள் என்று எண்ணிப் பார்த்திருக்கிறீர்களா? ஆடுகிறவர்கள் நாலு பேர். பார்க்கிறவர்கள் பதினாலு பேர். எந்தக் காயை எப்படி அடிக்க வேண்டும் என்று தெரிந்தவர்கள் அந்தப் பதினாலு பேர் மட்டும்தான்! அம்பத்தூர், ஆவடி, பூந்தமல்லி என்று எந்தப் பக்கம் போனாலும், ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் ஏதாவது ஒரு சந்தில் இது நடந்து கொண்டிருக்கும்.

"எவனோ கேம் ஆடறான், இவன் அதை மணிக்கணக்கா உட்கார்ந்து பார்க்கறான். பைத்தியமா சார் இவனுக்கு?" என்று அலுத்துக்கொள்ளும் அப்பாக்களுக்கு அதனால் என் முதல் பதில்: நாமும் அப்படித்தான். கையில் மட்டை இல்லாமலே அஞ்சு நாள் டெஸ்ட் மேட்ச் பார்த்த பரம்பரை நாம். இரண்டாவது பதில் காசு சம்பந்தப்பட்டது. அடுத்தவர் கேம் ஆடுவதைப் பார்ப்பதற்கென்றே இருக்கும் 'ட்விட்ச்' என்ற கம்பெனியை 2014-ல் அமேசான் சுமார் 97 கோடி டாலர் கொடுத்து வாங்கியது. பைத்தியத்துக்கு யாரும் அவ்வளவு விலை கொடுக்க மாட்டார்கள்.

ஆகவே, பார்க்கலாமா கூடாதா என்பதல்ல கேள்வி. பார்க்கிற மாதிரி இருக்கிறதா என்பதுதான். சினிமாவுக்கு மார்க் போடுகிறோம். சீரியலைத் திட்டுகிறோம். வீட்டுப் பிள்ளை தினமும் பார்க்கும் கேம் வீடியோவை மட்டும் யாரும் விமர்சனம் செய்வதில்லை. ஒன்று, டேப்லெட்டைப் பிடுங்கி பீரோவில் வைத்துப் பூட்டுகிறோம். இல்லை, தொல்லை விட்டது என்று கொடுத்துவிடுகிறோம். ஒரு விஷயத்தை விமர்சிப்பது அதற்குச் செய்கிற மரியாதை. இந்த வாரம் அதைச் செய்துவிடலாம்.

*

முதலில் பட்டறை. அம்பத்தூர் என்றாலே ஜாப் ஒர்க். பெரிய கம்பெனிக்கு வேண்டிய உதிரி பாகத்தைச் சின்ன லேத்தில் கடைந்து கொடுக்கிற ஊர். அந்த ஊர்ப் பிள்ளைகள் பலருக்கு டேப்லெட்தான் இன்று லேத். 2020-ல் கொரோனா வந்து, ஸ்கூல் மூடி, ஆன்லைன் வகுப்புக்கென்று அப்பா தவணையில் வாங்கிக் கொடுத்தது. காலையில் அல்ஜீப்ரா. மத்தியானத்துக்கு மேல் பப்ஜி, ஃப்ரீ ஃபயர், மைன்கிராஃப்ட். ஆடும்போதே திரையைப் பதிவு செய்து, அதே டேப்லெட்டில் விரலால் வெட்டி ஒட்டி, குரல் சேர்த்து, யூடியூபில் ஏற்றிவிடுகிறார்கள். கேமராமேன், எடிட்டர், டப்பிங் எல்லாம் ஒரே ஆள். வயசு பதினாலு.

இந்தத் தொழிலில் கருவிகள் திடீர் திடீரென்று காணாமல் போகும். 2020 ஜூன் 29-ம் தேதி மத்திய அரசு 59 செயலிகளைத் தடை செய்தபோது எல்லோரும் டிக்டாக்குக்கு அழுதார்கள். அதே பட்டியலில் திரையைப் பதிவு செய்யும் 'டியூ ரெக்கார்டர்', வீடியோவை வெட்டி ஒட்டும் 'விவா வீடியோ' இரண்டும் இருந்தன. கேம் வீடியோ போடும் பிள்ளைகளுக்கு அது லேத்தையே தூக்கிக்கொண்டு போன மாதிரி. அந்த செப்டம்பரில் பப்ஜியும், 2022 பிப்ரவரியில் ஃப்ரீ ஃபயரும் தடைப் பட்டியலில் சேர்ந்தன. இருந்தும் பிள்ளைகள் வேறு செயலி தேடி, வேறு கேம் தேடித் தொழிலைத் தொடர்ந்தார்கள். இந்த விடாமுயற்சிக்கு நூற்றுக்கு நூறு போடலாம்.

சரக்குக்கு எவ்வளவு போடலாம்? இங்கேதான் பேனா தயங்குகிறது.

*

பத்து வீடியோவைத் தொடர்ந்து பாருங்கள். ஒரே சாம்பார் பத்து பாத்திரத்தில். ஆரம்பத்திலேயே ஒரு அலறல். கடைசியில் வர வேண்டிய கிளைமாக்ஸில் ஒரு துண்டு முதலிலேயே வந்துவிடும். பிறகு வெற்றி, வெற்றி, மேலும் வெற்றி. ஒவ்வொரு வெற்றிக்கும் படம் பெரிதாகும், சிவப்பு வட்டம் விழும், வடிவேலுவோ கவுண்டமணியோ ஒரு வரி பேசிவிட்டுப் போவார்கள். பையனுக்கு என்ன தோன்றியது என்று மட்டும் தெரியவே தெரியாது. அவன் சிரிக்க வேண்டிய இடத்தில் வடிவேலு சிரித்துவிடுகிறார். நீளம் எட்டு நிமிடமும் சில விநாடிகளும். அது ஏன் எட்டு? வீடியோவின் நடுவில் விளம்பரம் போட முன்பு பத்து நிமிட நீளம் வேண்டும். 2020 ஜூலையில் யூடியூப் அதை எட்டாகக் குறைத்தது. கதைக்கு எத்தனை நிமிடம் தேவை என்பதை கலிஃபோர்னியாவில் முடிவு செய்கிறார்கள்.

நான் பி.காம். படித்தவன். எனக்கு இந்த வீடியோக்களைப் பார்த்தால் ஒரு பேரேடுதான் நினைவுக்கு வருகிறது. வரவுப் பக்கம் மட்டும் எழுதி, பற்றுப் பக்கத்தைக் கிழித்துப் போட்ட பேரேடு. மூணு மணி நேரம் ஆடியிருக்கிறான். இருபது தடவை செத்திருக்கிறான். இரண்டு தடவை ஜெயித்திருக்கிறான். நமக்குக் கிடைப்பது அந்த இரண்டு. எந்த ஆடிட்டரும் இதில் கையெழுத்துப் போட மாட்டார்.

இதற்குப் பையனை மட்டும் குற்றம் சொல்ல முடியாது. ஒரு கணக்குப் பாருங்கள். விநாடிக்கு 8 மெகாபிட் தரத்தில் ஒரு மணி நேரம் பதிவு செய்தால் சுமார் 3.6 ஜி.பி. ஆகிறது. மூணு மணி நேரத்துக்குப் பதினொன்றை நெருங்குகிறது. டேப்லெட்டின் மொத்தக் கொள்ளளவே 32 ஜி.பி. என்றால், அதில் பாடப் புத்தகமும் அம்மாவின் கல்யாண வீட்டு போட்டோக்களும் போக என்ன மிஞ்சும்? ராத்திரிக்குள் எதையாவது அழித்தே ஆக வேண்டும். முதலில் அழிவது தோல்விதான். அப்புறம் நிதானமாக, 'வெட்டியது சரிதானா' என்று யோசிக்கக்கூட வெட்டிய துண்டு கையில் இருக்காது.

சரி, பெரியவர்கள் என்ன வாழ்ந்தார்கள்? பூந்தமல்லி தாண்டி செம்பரம்பாக்கத்தில் இருக்கிறது ஈ.வி.பி. ஃபிலிம் சிட்டி. 'பிக் பாஸ்' வீட்டின் செட் அங்கேதான் போட்டார்கள். இருபத்துநாலு மணி நேரப் பதிவை வெட்டி ராத்திரி நிகழ்ச்சியாக்குகிறார்கள். யார் நல்லவர், யார் வில்லி என்பது அந்த வெட்டில் இருக்கிறது என்று சீரியல் பார்க்கும் பாட்டிக்கும் தெரியும். தெரிந்தேதான் பார்க்கிறார். ஆனால், கேம் வீடியோ பார்க்கும் பன்னிரண்டு வயசுப் பையனுக்கு அது தெரியாது. 'அந்த அண்ணன் தோற்கவே மாட்டேங்கிறான், நான் மட்டும் ஏன் தினமும் சாகிறேன்' என்று நினைக்கிறான். விடை கடையில் இருப்பதாகத் தோன்றுகிறது. ஜிகுஜிகு சட்டை, தங்க நிறத் துப்பாக்கி, அதற்கு 'டயமண்ட்'. டயமண்டுக்கு அப்பாவின் போன், அப்பாவின் யு.பி.ஐ. கிழித்துப் போட்ட பற்றுப் பக்கம் வேறொரு வீட்டுக் கணக்கில் பற்றாக வந்து விழுகிறது. என் புகார் இதுதான்.

*

அடுத்தது குரல். கேம் என்னவோ கொரியாவிலோ சிங்கப்பூரிலோ செய்தது. எல்லோர் திரையிலும் ஒரே மலை, ஒரே துப்பாக்கி. அதில் அம்பத்தூர் என்று ஒன்று இருக்குமானால் அது பேசுகிறவன் தமிழில்தான் இருக்கிறது. வானொலியில் அப்துல் ஜப்பார் தமிழில் கிரிக்கெட் வர்ணனை செய்ததைக் கேட்டவர்களுக்கு இது புரியும். 2020-ல் மறைந்த அவர் சொல்லும்போது, பார்க்காத மைதானம் கண்ணுக்குத் தெரிந்தது. நம் பிள்ளைகளுக்கு வேலை அதில் பாதிதான். படம் திரையிலேயே இருக்கிறது. தான் என்ன நினைத்தேன், ஏன் அந்தப் பக்கம் ஓடினேன் என்று சொன்னால் போதும்.

குரலுக்கு எவ்வளவு வலு என்பதற்குக் கசப்பான உதாரணமும் நம்மிடம் உண்டு. 2021 ஜூனில் 'டாக்ஸிக் மதன் 18+' யூடியூப் சேனல் விவகாரம் தமிழ்நாட்டையே உலுக்கியது. முகம் காட்டாமல் பப்ஜி ஆடியபடி ஆபாசமாகப் பேசியதாகப் புகார். அதை நடத்திய மதனை சென்னை மத்திய குற்றப்பிரிவு போலீஸார் தருமபுரியில் கைது செய்தார்கள். ஜூலையில் குண்டர் சட்டமும் பாய்ந்தது. சட்டம் பேச வேண்டியதை கோர்ட் பேசட்டும். ஒரு வாசகனாக எனக்கு உறைத்தது வேறு. லட்சக்கணக்கான பேர் அங்கே போனது துப்பாக்கி சுடுவதைப் பார்க்க இல்லை. பேச்சைக் கேட்க. அவர்களில் ஏராளமானோர் பள்ளிக்கூடப் பிள்ளைகள். அந்தக் காதுகளுக்கு வேறு நல்ல தமிழ்ப் பேச்சைக் கொடுக்க யாரும் முந்திக்கொள்ளவில்லை.

இதில் ஒரு வேடிக்கை. ஆண்ட்ராய்டில் கேமின் ஒலியை நேரடியாகப் பதிவு செய்ய, 2019-ல் 10-வது பதிப்பு வரும் வரை சாதாரணச் செயலிகளுக்கு வழி இல்லை. மைக்கைத் திறந்து வைத்து, ஸ்பீக்கரில் வருவதைத்தான் பிடிக்க வேண்டும். அதனால் பழைய வீடியோக்களில் குண்டுச் சத்தத்தோடு குக்கர் விசிலும், "கரன்ட் போறதுக்குள்ள மோட்டார் போடுடா"வும் சேர்ந்தே பதிவாயின. இப்போது ஒலி சுத்தம். கூடவே வீடும் சுத்தமாகத் துடைக்கப்பட்டுவிட்டது. எனக்கென்னவோ பழசில்தான் ஒரு ஊர் இருந்தது.

*

நல்லதே இல்லையா? இருக்கிறது. ஆவடி பக்கத்துப் பையன் ஒருவன் தன் மைன்கிராஃப்ட் வீடியோவைப் போட்டுக் காட்டினான். சுரங்கம் தோண்டி, தோண்டி, கடைசியில் வைரம் கிடைக்கிறது. திரும்பி வரும் வழியில் கால் தவறி எரிமலைக் குழம்பில் விழுகிறான். ஆளும் காலி, வைரமும் எரிந்து காலி. வடிவேலு வரவில்லை. சிவப்பு வட்டம் இல்லை. நாலு விநாடி மௌனம். ஃபேன் சுற்றும் சத்தம் மட்டும் கேட்கிறது. பிறகு ரொம்பச் சின்னக் குரலில், "அவசரப்பட்டுட்டேன். முதல்ல படிக்கட்டு வெட்டியிருக்கணும்" என்கிறான். மறுபடி முதலிலிருந்து தோண்டுகிறான்.

அந்த நாலு விநாடி நான் சமீபத்தில் பார்த்த நல்ல சினிமாக்களில் சேர்த்தி.

பையன் முகம் வாடியிருந்தது. யூடியூப் தருகிற வரைபடத்தைக் காட்டினான். சரியாக அந்த மௌனத்தில்தான் கோடு இறங்குகிறது. பார்த்தவர்களில் பலர் அங்கேதான் கழன்று கொண்டிருக்கிறார்கள். "அதை வெட்டிடட்டுமா அங்கிள்? ஃப்ரெண்ட்ஸ் எல்லாம் வெட்டுன்னு சொல்றாங்க."

அவன் கவலை நியாயமானது. விளம்பரக் காசு வர ஆயிரம் சந்தாதாரர்கள் வேண்டும். பன்னிரண்டு மாதத்தில் 4000 மணி நேரம் பார்த்திருக்க வேண்டும். அவனிடம் இருப்பது நூற்றுச் சொச்சம் பேர். வெட்டாதே என்று சொல்வது எனக்குச் சுலபம், நஷ்டம் அவனுக்கு. இருந்தும் சொன்னேன். கோடு இறங்கிய இடத்தில் போனவர்களை மட்டும் பார்க்காதே, தங்கினவர்களையும் பார். அவர்கள்தான் அடுத்த தடவை படிக்கட்டு வெட்டுவார்கள். சம்மதித்தானா என்று தெரியவில்லை. "பாக்கறேன் அங்கிள்" என்றான். நம் ஊரில் அதற்கு இரண்டு அர்த்தம்.

அப்பா அம்மாக்களுக்கு ஒரு விண்ணப்பம். பிள்ளை வீடியோ போட்டிருக்கிறேன் என்று வந்து நின்றால், "எத்தனை வியூஸ், எவ்வளவு காசு?" என்று ஆரம்பிக்காதீர்கள். அதை அவன் ஏற்கெனவே நிமிடத்துக்கு நாலு தடவை பார்த்துக்கொண்டுதான் இருக்கிறான். பக்கத்தில் உட்கார்ந்து முழுசாகப் பாருங்கள். எட்டு நிமிடம்தானே! முடிந்ததும் ஒரே ஒரு கேள்வி கேளுங்கள்.

"இதுல எதை வெட்டினே? ஏன் வெட்டினே?"

பதில் சொல்லத் திணறினால் நல்லது. யோசிக்க ஆரம்பித்துவிட்டான் என்று அர்த்தம்.