நாரதர் கொண்டு வந்த பழம்

கதை எழுதிப் பிழைக்கிறவர்களுக்கென்று ஒரு குலதெய்வம் உண்டானால் அது சரஸ்வதியாக இருக்க முடியாது, நாரதராகத்தான் இருக்க வேண்டும் என்று நான் பல தடவை நினைத்ததுண்டு. சரஸ்வதி கொடுப்பது சொல். சொல்லை வைத்துக்கொண்டு தாலாட்டுப் பாடலாம், தோத்திரம் செய்யலாம். கதை பிறக்க வேண்டுமானால், நன்றாக நடந்துகொண்டிருக்கும் ஒரு வீட்டுக்குள் யாராவது நுழைந்து ஒரு வார்த்தையைப் போட்டுவிட்டுப் போக வேண்டும். நம் புராணங்களில் அந்த வேலையைச் செய்கிறவர் நாரதர். 1941-ல் ‘சாவித்திரி’ படத்தில் எம். எஸ். சுப்புலட்சுமி நாரதர் வேஷம் போட்டார். அந்தப் பணம் ‘கல்கி’ பத்திரிகைக்கு முதலாயிற்று. பத்திரிகை எழுத்தாளன் நாரதருக்குக் கடன்பட்டவன் என்று நான் சொல்வது முழுக்க உவமை அல்ல.

ஆனால் அவரை நாம் எப்படி வைத்திருக்கிறோம்? “நாரதர் கலகம் நன்மையில் முடியும்” என்று ஒரு பழமொழியைச் சொல்லி, கையில் நன்னடத்தைச் சான்றிதழ் ஒன்றைக் கொடுத்து அனுப்பிவிட்டோம். கச்சியப்பரின் கந்தபுராணத்தில் அவர் வேள்வி செய்யப் போய், அதிலிருந்து ஓர் ஆட்டுக்கடா கிளம்பி உலகங்களைக் கலக்குகிறது. முருகன் அதை அடக்கி வாகனமாக்கிக்கொள்கிறான். பழமொழி பலித்துவிட்டது. 1966-ல் வந்த ‘சரஸ்வதி சபதம்’ படத்தில் கல்வியா, செல்வமா, வீரமா என்று மூன்று தேவியரிடையே மூட்டிவிடுகிறார். ஊமை புலவனாகிறான், பிச்சைக்காரி அரசியாகிறாள், கோழை சேனாபதியாகிறான். கடைசியில் மூன்றும் சமம் என்று தீர்ப்பாகிறது. சிவாஜி கணேசனின் நாரதர் கண்ணுக்கு விருந்துதான். ஆனால் முதல் காட்சியிலேயே அந்தப் புன்சிரிப்பு, “பயப்படாதீர்கள், முடிவு எனக்குத் தெரியும்” என்று நமக்குச் சொல்லிவிடுகிறது. போகும்போதே திரும்பி வர டிக்கெட் வாங்கிக்கொண்டு போகிற கலகம் அது.

திண்டுக்கல்லில் குடியிருப்பவனுக்கு இந்தப் பழமொழியின்மேல் சந்தேகம் வராமல் போகாது. தை மாதத்தில் செட்டிநாட்டிலிருந்து நத்தம் சாலையாகக் காவடி வருகிறது. ஊருக்குள் நுழைந்து, ரெட்டியார்சத்திரம், ஒட்டன்சத்திரம் என்று மேற்கே நடக்கிறார்கள். அத்தனை பேரும் போவது நாரதர் மூட்டிய ஒரு சண்டையில் வீட்டை விட்டுக் கிளம்பிய பிள்ளையைப் பார்க்க.

கதை எல்லோருக்கும் தெரிந்ததுதான். கைலாசத்துக்கு நாரதர் ஒரு மாங்கனி கொண்டு வருகிறார். ஞானப்பழம், நறுக்கினால் பலன் போய்விடும், ஒருவரே உண்ண வேண்டும். உலகைச் சுற்றி வருகிறவனுக்குப் பழம் என்று போட்டி. இளையவன் மயிலேறிப் பறக்கிறான். மூத்தவன் தாய் தந்தையரைச் சுற்றி வந்து வாங்கிக்கொள்கிறான். திரும்பி வந்த இளையவன் கோவணத்தோடு மலையேறிவிடுகிறான். (“பழம் நீ” என்றதால் பழனி ஆயிற்று என்பார்கள். சங்கப் பாட்டில் அந்த ஊர் பொதினி. மாம்பழத்துக்குச் சண்டை போட்டவர் கோயிலில் பஞ்சாமிர்தம் என்னவோ வாழைப்பழத்தில்தான் செய்கிறார்கள்.)

இதில் நாரதர் சொன்ன பொய் எது? ஒன்றும் இல்லை. அவருடைய கலை முழுவதும் அந்த ஒரு நிபந்தனையில் இருக்கிறது: நறுக்கக்கூடாது. பிற தேசத்துக் கலகத் தெய்வங்களோடு வைத்துப் பார்த்தால் இது இன்னும் தெளிவாகும். வடதேசத்து லோகி ஏமாற்றுகிறான், கொலைக்கு வழி செய்கிறான், பிறகு பாறையில் கட்டுண்டு பாம்பின் விஷத்தில் துடிக்கிறான். ஆப்பிரிக்காவில் யொரூபா மக்களின் எஷு நம்மவருக்கு இன்னும் நெருங்கிய உறவு. ஒரு பக்கம் ஒரு நிறமும் மறுபக்கம் வேறு நிறமுமாக ஒரு குல்லாயைப் போட்டுக்கொண்டு, இரண்டு சிநேகிதர்களின் வயல்களுக்கு நடுவே நடந்து போகிறான். ஒவ்வொருவனும் தான் கண்ட நிறத்தைச் சொல்லிச் சண்டை போடுகிறான். இரண்டு பேரும் சொல்வது உண்மை. நாரதரும் இந்த ஜாதிதான். உண்மையை எந்த இடத்தில் வைத்தால் வீடு பிளக்கும் என்று தெரிந்தவர்.

பாகவதத்தில் தட்சனின் கதையும் இருக்கிறது. தட்சனுடைய ஆயிரக்கணக்கான புதல்வர்களை நாரதர் உபதேசம் செய்து துறவுக்கு அனுப்பிவிடுகிறார். பிறந்த அடுத்த கூட்டத்தையும் அப்படியே அனுப்புகிறார். ஒருவனும் வீடு திரும்பவில்லை. பெற்றவன் வயிறெரிந்து, “உனக்கு ஓரிடத்திலும் நிலையான இருப்பு இல்லாமல் போகட்டும்” என்று சபிக்கிறான். இதைப் படித்த பிறகு கைலாசக் காட்சி எனக்கு வேறு மாதிரித் தெரிய ஆரம்பித்தது. வீடில்லாத ஒருவர், பிள்ளைகள் விளையாடும் ஒரு வீட்டுக்குள் பழத்தோடு வருகிறார். அவர் போன பிறகு அங்கே ஒரு பிள்ளை குறைகிறது. இந்தத் தடவை தகப்பன் சபிக்கக்கூட இல்லை.

சில வருஷங்களுக்கு முன் நீர்மோர்ப் பந்தலில் காலை நீவிக்கொண்டு உட்கார்ந்திருந்த ஓர் ஆச்சியிடம் வேடிக்கையாகச் சொன்னேன்: “நாரதர் அந்தப் பழத்தைக் கொண்டு வராமல் இருந்தால் உங்களுக்கு இந்தக் கால்வலி இல்லை, ஆச்சி. என்ன செய்வது, அவர் கலகம் நன்மையில் முடியுமாமே!”

அந்த அம்மாள் சிரிக்கவில்லை. “நமக்குப் பழனி கெடச்சுது தம்பி, நமக்கு நன்மைதான். பெத்தவளுக்கு? பிள்ளை இன்னும் வீட்டுக்கு வரலையே” என்றார்.

நன்மை யாருக்கு என்ற கேள்வியைப் பழமொழி கேட்பதே இல்லை. 1965-ல் வந்த ‘திருவிளையாட’லும் கேட்கவில்லை. இதே பழத்தில்தான் படம் ஆரம்பிக்கிறது; தாய் வந்து கதை கதையாகச் சொல்லி, முடிவில் பிள்ளையின் கோபம் தணிகிறது. குடும்பம் ஒன்று சேர்ந்தால்தானே ஜனங்கள் நிம்மதியாக எழுந்து வீட்டுக்குப் போவார்கள்! மலைமேல் இருக்கும் விக்கிரகத்துக்கு அந்தச் செய்தி எட்டவில்லை. தண்டத்தைப் பிடித்துக்கொண்டு, மொட்டைத் தலையோடு, மேற்கே பார்த்து நின்றுகொண்டே இருக்கிறது. சாயங்காலத்தில் ராஜ அலங்காரம் செய்து பார்க்கிறோம். காலையில் மறுபடியும் ஆண்டி.

சினிமாக்காரர்களைச் சொல்ல எனக்கு வாய் இல்லை. வாரப் பத்திரிகையில் நான் எழுதிய தொடர்கதை ஒன்றில் ஒரு பூட்டுப் பட்டறை, அண்ணன் தம்பி இருவர், ஒரு தரகர். பட்டறை மனை அண்ணன் பேரில் இருக்கிறது என்ற உண்மையைத் தரகர் தம்பி காதில் போடுகிறார், அவ்வளவுதான். 42 வாரம் வீடு எரிந்தது. 43-வது வாரம் ஒரு கல்யாணப் பந்தலில் இருவரையும் கட்டித் தழுவ வைத்தேன். பாராட்டிக் கடிதங்கள் வந்தன. அந்தத் தம்பி திரும்பி வந்திருக்க மாட்டான் என்று எனக்கு அப்போதே தெரியும். நாரதரைக் கூப்பிட்டு வேலை வாங்கிக்கொண்டு, கடைசியில் பழமொழிக்குப் பயந்துவிட்டேன்.

நாரதரை அவருடைய இயல்போடு நான் பார்த்தது எங்கள் பக்கத்து ஸ்பெஷல் நாடக மேடையில்தான். சங்கரதாஸ் சுவாமிகளின் (1867–1922) ‘வள்ளி திருமணம்’. நடிகர்கள் வேறு வேறு ஊரிலிருந்து அன்று சாயங்காலம்தான் வந்து சேருகிறார்கள், ஒத்திகை கிடையாது. தினைப்புனத்தில் நாரதருக்கும் வள்ளிக்கும் தர்க்கம். அன்று வந்த நடிகர் கண் சிமிட்டவில்லை, கோமாளித்தனம் செய்யவில்லை. ஆர்மோனியத்தோடு ஒரு மணி நேரம் நிதானமாக வாதாடினார். அவள் கோபித்துக்கொண்டாள். அவர் போய்விட்டார். முருகன் என்ற ஒரு பெயர் மட்டும் அவள் காதில் தங்கிவிட்டது.

டீ குடிக்க வெளியே வந்தபோது, அரிதாரத்தைக் கழுவிவிட்டு, சிப்ளாக்கட்டையைப் பைக்குள் வைத்துக்கொண்டு அவர் சாலையோரம் நின்றிருந்தார். மறுநாள் வேறு ஊரில் நாடகமாம்.

“கல்யாணம் பார்க்காமலே கிளம்பிட்டீங்களே?” என்று கேட்டேன்.

“நமக்கு அங்க என்ன சார் வேலை?” என்று சொல்லிவிட்டு, பஸ் வருகிறதா என்று எட்டிப் பார்த்தார்.