நோயின்று உய்த்தல்: பாலைத்திணையும் கதிரியக்க நிலமும்

1. முன்னுரை

ஒரு நிலத்துட் புகுவோன் எதனைக் கருதிப் புகுகின்றான், எதனைக் கொண்டு மீள்கின்றான், கொண்டதனை யார்க்கு அளிக்கின்றான் என்னும் மூன்று வினாக்களும் தமிழ்ப் பொருளிலக்கணத்தின் நடுவிடத்தே நிற்பன. அகத்திணையுள் பொருள்வயிற் பிரிவும், புறத்திணையுள் வெட்சியும் இவ்வினாக்களுக்கு விடை கூறுவன. அழிந்துபட்ட உலகொன்றில் நச்சுக்கதிர் பரந்த நிலத்துட் சென்று, கிடைத்தவற்றைத் திரட்டி உயிர் பிழைத்தலையே கதையாகக் கொண்ட கணிப்பொறி விளையாட்டுகள் இன்று பலவாகப் பெருகியுள்ளன. ஓசூர், கிருட்டிணகிரிப் பகுதியில் தொழிற்சாலை முறைப்பணி முடித்து மீளும் இளைஞரும், வகுப்பறையில் வெட்சித்திணை பயிலும் மாணவரும் இவற்றை ஆடுகின்றனர். ஆதலின் இவை எவ்வகை அறத்தைக் கற்பிக்கின்றன என்று காண்டல் இலக்கியத் திறனாய்வின் கடமையாகும்.

விளையாட்டுக்குத் திணையிலக்கணம் பொருந்துமோ எனின், பொருந்தும் என்பதே எம் துணிபு. என்னை? திணை என்பது பழம்பாடல்களை அடுக்கி வைக்கும் பேழை மட்டுமன்று. நிலத்துக்கும் மாந்தர் ஒழுக்கத்துக்கும் உள்ள உறவை அளந்து காட்டும் கருவியுமாம். நிலத்தையே தலைமைப் பொருளாகக் கொண்ட ஒரு கதையை அளத்தற்கு அதனினும் ஏற்ற கருவியை யாம் அறியோம்.

2. ஆய்வுக்குரிய படைப்பு

உக்ரைன் நாட்டுக் கீவ் நகரத்து ஜி.எஸ்.சி. கேம் வேர்ல்டு நிறுவனம் 2007-இல் வெளியிட்ட 'ஸ்டாக்கர்: ஷேடோ ஆஃப் செர்னோபில்' என்னும் விளையாட்டையே ஈண்டு முதன்மையாக எடுத்துக்கொள்கின்றோம். இதன் மூலம் இரண்டு. ஒன்று, 1986 ஏப்பிரல் 26-இல் நிகழ்ந்த செர்னோபில் அணுவுலை விபத்து. அதன் மறுநாள் பிரிப்பியாத் நகரத்து மக்கள் ஏறத்தாழ 49,000 பேர் வெளியேற்றப்பட்டனர். உலையைச் சூழ 30 கிலோமீட்டர் அளவு விலக்கு நிலமாயிற்று. மற்றொன்று, அர்க்காதி, போரிஸ் என்னும் ஸ்துருகாத்ஸ்கி உடன்பிறப்பாளர் அவ்விபத்துக்கும் 14 ஆண்டு முன்னரே, 1972-இல், வெளியிட்ட 'வழியோர விருந்து' என்னும் உருசிய நெடுங்கதை. இக்கதையைத் தழுவியே தார்க்கோவ்ஸ்கி 1979-இல் 'ஸ்டாக்கர்' என்னும் திரைப்படத்தை ஆக்கினார்.

விளையாட்டின் தலைவன் தன் பெயரும் பழமையும் மறந்தவனாய் விலக்கு நிலத்துள் விழித்தெழுகின்றான். ஆங்குக் கண்ணுக்குப் புலனாகாத பொறிகள் பரந்து கிடக்கும். இரும்பு மறையாணியை முன்னே எறிந்து பார்த்தே அவன் அடி வைத்தல் வேண்டும். கதிர் மிகுந்த இடத்தை அளவி டிக்கென்று ஒலித்துக் காட்டும். அப்பொறிகளின் அருகே பிறக்கும் அரும்பொருள்களை எடுத்து வணிகனிடம் விற்றுப் படைக்கலமும் மருந்தும் கொள்கின்றான். சுமை 50 கிலோவைக் கடப்பின் விரைந்து களைப்படைவான். 60-ஐக் கடப்பின் நகரவே இயலாது. மிகுதியாகத் திரட்டினோன் மிகுதியானதை விட்டுச் செல்லவும் கற்றல் வேண்டும் என்பது இவ்விதியின் பயன். இது விளையாட்டின் நலங்களுள் ஒன்று.

3. முதல், கரு, உரி

பாலைக்குத் தனி நிலம் இல்லை என்பதும், வளங்குன்றிய காலத்துக் குறிஞ்சியும் முல்லையும் திரிந்த நிலையே பாலை என்பதும் இளங்கோவடிகள் காட்டும் கொள்கை. இக்கொள்கை செர்னோபில் நிலத்துக்கு வியப்புறப் பொருந்துகின்றது. அஃது இயற்கையிலே வறண்ட பாழன்று. வயலும் காடும் ஆறும் ஊரும் உடையதாயிருந்து திரிந்தது. விளையாட்டில் இலை தளிர்த்து நிற்கின்றது; மழை பெய்கின்றது; எனினும் நிலம் கொல்கின்றது. வெம்மை மிக்க பாலையில் தீங்கு கண்ணுக்குத் தெரியும். ஈண்டோ பசுமையே தீங்கை மறைக்கின்றது. முதற்பொருள் அளவில் இவ்விளையாட்டு பாலையின் இலக்கணத்தை விரித்துள்ளது என்றே கூறலாம்.

கருப்பொருளும் குறைவின்றி அமைந்துள்ளது. ஆறலைத்தலும் சூறைகொள்ளலும் பாலை மாக்களின் தொழில் என்பர். விளையாட்டிலும் வழிப்பறிப்போர் உளர். கூட்டமாக வாழ்வோர் உளர். திரிந்த நாயும் பன்றியும் உள. தீமூட்டிச் சூழ்ந்திருந்து, கருவி மீட்டி, நகையாடி உண்போரையும் காண்கின்றோம்.

உரிப்பொருளை நோக்குமிடத்தேதான் வழு புலப்படுகின்றது. பாலைக்கு உரிப்பொருள் பிரிவு. பொருள்வயிற் செல்லும் தலைவன் சுரத்தை நோக்குவதோடு தன்னை நோக்கி இருப்பாளையும் நினைக்கின்றான். செல்வோனுக்கும் இருப்போளுக்கும் இடைப்பட்ட தொலைவே பாலைப்பாட்டின் உயிர். அவன் ஈட்டும் பொருளுக்கு முடிவிடம் உண்டு: இல்லாதார்க்கு ஈதலும், விருந்தோம்பலும், இல்லறம் நடத்தலும் ஆம். 2007-ஆம் ஆண்டு விளையாட்டின் தலைவனுக்கோ இல்லம் இல்லை, காத்திருப்போர் இல்லை, நினைவும் இல்லை. எனவே அவன் பொருளுக்குச் சென்று சேருமிடம் இல்லை. விற்ற பொருளாற் படைக்கலம், அப்படைக்கலத்தால் மேலும் பொருள் என்னும் வட்டத்துள் அவன் சுழல்கின்றான். பிரிவின்றிப் பாலை அமைத்தல் உயிரின்றி உடல் அமைத்தல் போலும்.

இக்குறை மூலநூலினின்று வந்ததன்று என்பது கருதத்தக்கது. நெடுங்கதையின் தலைவனாகிய ரெட்ரிக் மணந்து இல்லறம் நடத்துபவன். விலக்கு நிலத்துட் புகுவோர்க்குப் பிறக்கும் மக்கள் இயல்பு திரிந்து பிறப்பர் என அக்கதை கூறுகின்றது. அவன் மகளும் அவ்வாறே பிறந்து, வளருந்தோறும் மாந்தவியல்பு குன்றுகின்றாள். அவன் வீட்டிற்குக் கொணர்ந்தது பொருள் மட்டுமன்று. நிலத்தின் நோயையும் கொணர்ந்தான். கதையின் அவலம் முழுதும் இவ்வொன்றினின்றே எழுகின்றது. விளையாட்டு, நிலத்தையும் மறையாணியையும் அரும்பொருளையும் மூலத்தினின்று பெற்றுக்கொண்டு, மகளை விட்டுவிட்டது. 2024-இல் வெளிவந்த இரண்டாம் 'ஸ்டாக்கர்' தன் தலைவனுக்கு ஒரு வீட்டை அளித்தது. ஆயின் அவ்வீடு தொடக்கத்திலேயே அழிந்துவிடுகின்றது. இல்லம் காரணமாகின்றதேயன்றி மீளுமிடம் ஆகவில்லை.

4. வெட்சியும் விளையாட்டும்

கொள்ளையைத் தமிழிலக்கணம் மறைத்ததில்லை. தொல்காப்பியர் வெட்சியை முறைப்படத் துறை வகுத்தார். ஒற்றர் கண்டு வருதலாகிய வேய், நிரை கவர்தலாகிய ஆகோள், கொண்டு வந்து நிறுத்தலாகிய தந்துநிறை, பகுத்தலாகிய பாதீடு, உண்டு களித்தலாகிய உண்டாட்டு, வேண்டினார்க்கு வழங்கலாகிய கொடை என அவை தொடர்கின்றன. கவர்தல் இடையிலேயே நின்றுவிட, ஒழுக்கம் கொடையில் முடிகின்றது. விளையாட்டுக்கு வேயும் ஆகோளும் உள. தந்துநிறையும் வணிகன் அறையில் ஒருவாறு உண்டு. பாதீடு இல்லை. உண்டாட்டு பிறர் நிகழ்த்தத் தலைவன் அயலே நின்று காண்பதாகவே அமைந்தது. கொடையோவெனின், காயமுற்று வீழ்ந்தோர்க்கு மருந்து ஈதல் ஒன்றே உண்டு. அச்சிறு செயல் ஆடுவோர் நெஞ்சில் நிற்பதற்கு அதன் அருமையே காரணமாதல் வேண்டும்.

இத்துறைகளுள் ஒன்று தனித்து நோக்கத்தக்கது. அது நோயின்று உய்த்தல். கவர்ந்த நிரையை அது வருந்தாதவாறு செலுத்தி வருதல் என உரையாளர் பொருள் கொள்வர். கொள்ளை கொள்வோனுக்கும் கொண்ட பொருள்மாட்டு ஒரு கடமை உண்டு என்பது இதன் கருத்து. கதிரியக்க நிலத்துக் கொள்ளைக்கு இத்துறையை ஏற்றிப் பார்க்கின் வினா திரும்பி நிற்கின்றது. ஆங்கு நோயுறுவது நிரையன்று. பொருளே நோயைச் சுமந்து வருகின்றது. அதனைப் பெறுவோர், தொடுவோர், அருகிருப்போர் நோயின்றி இருத்தல் யார் கடமை?

விளையாட்டு இவ்வினாவைப் பாதி அறிந்துள்ளது. அதன் பிற்பகுதிகளில் அரும்பொருள் பலவும் கதிர் உமிழ்வன. அதனைத் தணிக்கும் பிறிதொரு பொருளையும் உடன் அணிதல் வேண்டும். ஆயின் அந்நோய் தலைவன் ஒருவன் உடலோடு முடிகின்றது. மருந்தோ வோட்காவோ உட்கொண்டால் நீங்குகின்றது. வணிகன் மேசைக்குச் சென்றதும் மறைகின்றது.

5. மெய்யுலகச் சான்று

மெய்யுலகில் நோய் அவ்வாறு மறைவதில்லை. 1987 செப்டம்பரில் பிரேசில் நாட்டுக் கோயானியா நகரத்தில், கைவிடப்பட்ட மருத்துவமனைக் கட்டடத்தினின்று இருவர் ஒரு கருவியை எடுத்துப் பழைய இரும்பு வணிகர் ஒருவர்க்கு விற்றனர். அதனுள் இருந்தது சீசியம்-137. இருளில் நீலமாக ஒளிர்ந்த அப்பொடியை அரும்பொருளெனக் கருதி உறவினர்க்கும் நண்பர்க்கும் பகுத்தளித்தனர். நால்வர் இறந்தனர், அவருள் ஒருத்தி ஆறு வயதுச் சிறுமி. 249 பேரிடம் கதிரியக்க மாசு காணப்பட்டது. ஈண்டுப் பாதீடும் கொடையும் நிகழ்ந்தன என்பதே நெஞ்சை வருத்துவது. அறத்தின் செயல்கள் அறியாமையால் நோயின் வழிகளாயின.

நம் நாட்டிலும் இது நிகழ்ந்தது. தில்லிப் பல்கலைக்கழக வேதியியல் துறையில் 1985 முதல் பயன்படாது கிடந்த காமாக் கதிர்க்கருவி ஒன்று 2010-இல் ஏலத்திற் சென்று, மாயாபுரிப் பழைய இரும்புச் சந்தையை அடைந்தது. அதனைப் பிரித்தபோது உள்ளிருந்த கோபால்ட்-60 வெளிப்பட்டது. பலர் கதிர்ப்புண் உற்றனர்; தொழிலாளி ஒருவர் அவ்வாண்டு ஏப்பிரலில் இறந்தார். அவர் விலக்கு நிலம் எதிலும் புகுந்தாரல்லர். எச்சரிக்கும் அளவியும் அவர் கையில் இல்லை. விலக்கு நிலமே ஏலப்பொருளாய் அவரைத் தேடி வந்தது.

இது நம் எல்லைப்பகுதிக்கு அயலான செய்தியன்று. ஓசூர்ச் சிப்காட் வளாகங்களைச் சூழ்ந்து காயலான் கடைகள் பல நடக்கின்றன. ஆலைகள் கழித்த இரும்பையும் செம்பையும் பிரித்தெடுத்து வாழ்வோர் தமிழும் கன்னடமும் தெலுங்கும் பேசுவோர். தொலைமாநிலங்களினின்று வந்தோரும் உளர். இவர்க்கு நோயின்று உய்த்தல் ஏட்டளவான துறையாகாது.

6. நடுகல்லும் பெயரும்

விளையாட்டில் இறந்தோன் உடலைத் தேடுங்கால் அவன் பெயர் தோன்றும். சிலவிடத்து அவன் மறைத்து வைத்த பொருளின் இடமும் தெரியவரும். இறந்தோன் பெயர் அவன் பையைத் திறக்கும் வாயிலாக மட்டும் நிற்கின்றது.

கிருட்டிணகிரி, தருமபுரி, செங்கம் வட்டாரங்களில் நிரை காத்தும் மீட்டும் பட்டோர்க்கு எடுத்த நடுகற்கள் மிகுதி. செங்கம் நடுகற்கள் 1972-இல் நூலாகவும் வெளிவந்தன. பட்டவன் பெயர், ஊர், பட்ட காரணம் ஆகியவற்றைக் கல் கூறும். எடுத்தனூர் நடுகல்லோ, கள்வர் இருவரை எதிர்த்து நின்ற கோவிவன் என்னும் நாயின் பெயரையும் போற்றி வைத்துள்ளது. காட்சி முதல் வாழ்த்து ஈறாகக் கல்லெடுப்பின் நிலைகளைத் தொல்காப்பியர் வகுத்ததன் நோக்கமும் இதுவே: பொருளுக்காக நிகழ்ந்த பூசலில் பட்டோன், பொருளினும் மேலானவனாய்க் கருதப்படல் வேண்டும்.

7. முடிபு

இவ்விளையாட்டு அறமற்றது என்பது எம் கூற்றன்று. 50,000 ரூபிளுக்கு மேல் திரட்டியவன் இறுதியில் விருப்பம் அளிக்கும் கல்லின்முன் நின்று செல்வம் வேண்டுவான். பொற்காசு மழையெனத் தோன்றுவது உண்மையில் மேற்கூரையினின்று உதிரும் இரும்பாகி அவனை நசுக்கும். கொடையில் முடியாத கொள்ளை கொண்டவனையே கொல்லும் என்பதனை ஆக்கியோர் அறிந்திருந்தனர். அவ்வறிவு முடிவில் ஒரு காட்சியாக நின்றதேயன்றி, ஆட்டத்தின் நெடுவழி முழுதும் பரவவில்லை என்பதே எம் மதிப்பீடு.

முதலும் கருவும் நிறைந்து உரி குறைந்த பாலை இது. அதனை நிறைவு செய்தல் அரிதன்று. வணிகனுக்கு விற்ற பொருள் எவ்வில்லத்தை அடைந்தது, ஆங்கு யார் நோயுற்றார் என்று தலைவன் கேட்டறியும் ஒரு நிலையை ஆட்டத்துள் அமைப்பினும் போதும்; நோயின்று உய்த்தல் விளையாட்டுக்கும் விதியாகிவிடும். நிலமும் பொருளும் நோயும் இணையும் இன்றைய படைப்புகளை நம் திணைக்கொள்கையால் அளக்க முதுகலை மாணவர் முன்வரல் வேண்டும். அளக்குங்கால், பொருளை எடுத்தவனோடு நின்றுவிடாது, அதனை வாங்கிப் பிரித்த கையையும் தேடிச் செல்லுதல் வேண்டும்.