குதிரைப்படைக்காரர் நம்பிய துறைமுகம்

சித்தூரிலிருந்து வேலூர்ப் பக்கம் போகும்போது குடிபாலா மண்டலத்தில் நரசிங்கராயன்பேட்டை என்று ஒரு சின்ன ஊர் இருக்கிறது. 1782 டிசம்பர் 7-ஆம் தேதி மைசூரை ஆண்ட ஐதர் அலி கண்மூடியது அங்கேதான். சித்தூரில் பிறந்து வளர்ந்த நான் அந்தப் பக்கமாக எத்தனையோ முறை பஸ்ஸில் போயிருக்கிறேன். சுற்றிலும் குன்று, மாந்தோப்பு, கரும்பு, வேர்க்கடலை. கடலைப் பார்க்க வேண்டுமென்றால் சென்னை வரை நூற்றைம்பது கிலோமீட்டர் போக வேண்டும். இந்த மண்ணில் படுத்திருந்த ஒரு மனிதர் ஆங்கிலேயரோடு நடத்திய போர், கடலுக்கு அந்தப் புறம் இலங்கையில் இருக்கும் திருகோணமலைத் துறைமுகத்தை நம்பி நின்றது என்று படித்த நாளில் எனக்குத் தூக்கமே வரவில்லை. அந்தத் துறைமுகத்தைக் கண்ணால் பார்த்தே தீருவது என்று அன்றே முடிவு செய்தேன்.

போன ஆடியில் பார்த்துவிட்டேன்! இப்போதும் அந்த நினைப்பு வந்தால் மனசு துள்ளுகிறது.

கொழும்புக் கோட்டையிலிருந்து இரவு ரயில் ஏறி, விடிந்து இறங்கினேன். ஊரைச் சுற்றிப் பார்ப்பதற்கு முன்பே மூதூர் போகிற படகுத்துறைக்கு ஓடினேன். கொட்டியாரக் குடாவைக் குறுக்கே கடக்கும் படகு அது. கரையை விட்டுக் கொஞ்சம் விலகியதும் திரும்பிப் பார்த்தேன். என்ன துறைமுகம் ஐயா அது! காடு மூடிய மேடுகள் நாலாபுறமும் கைகோத்து நிற்க, நடுவே தண்ணீர் அசையாமல் கிடக்கிறது. பெரிய கப்பல்கள் கரைக்கு அருகிலேயே வந்து நிற்கும் அளவுக்கு ஆழம். வாயிலைக் காப்பதுபோல் ஓஸ்தன்பர்க் மேடு துருத்திக்கொண்டு நிற்கிறது. இயற்கை கட்டிய கோட்டை என்று சொன்னால்கூட எனக்குப் போதவில்லை.

பக்கத்தில் உட்கார்ந்திருந்த பெரியவர், "தம்பி இந்தியாவோ? எவ்விடம்?" என்றார். சித்தூர் என்றேன், புரியவில்லை. திருப்பதிக்குப் பக்கம் என்றதும் முகம் மலர்ந்தது. காற்றைப் பற்றி அவர் சொன்னது எந்தப் புத்தகத்திலும் எனக்கு இவ்வளவு தெளிவாகக் கிடைத்ததில்லை. "சோளகம் வீசுற காலத்தில இந்தப் பக்கம் கடல் சும்மா கிடக்கும். வாடை தொடங்கினா வெளியில போக ஏலாது. ஆனா உள்ளுக்கு வந்திட்டீங்களெண்டா ஒண்டும் செய்யாது" என்றார்.

சோளகம் என்றால் தென்மேற்குக் காற்று, வாடை என்றால் வடகிழக்குக் காற்று. விஷயம் முழுவதும் அந்த மூன்று வாக்கியத்தில் இருக்கிறது. நம் சோழமண்டலக் கரையை நினைத்துப் பாருங்கள். பாய்க்கப்பல் காலத்தில் சென்னை, புதுச்சேரி, கடலூர், நாகப்பட்டினம் எதிலும் பெரிய போர்க்கப்பலுக்கு ஒதுங்க இடமில்லை. திறந்த கடலில் நங்கூரம் போட்டு நிற்க வேண்டும். ஐப்பசி பிறந்து வாடை அடிக்க ஆரம்பித்தால் நிற்பதே ஆபத்து. ஆங்கிலேயர் பழுதுபார்க்க பம்பாய் வரை சுற்றிப் போக வேண்டியிருந்தது. 1659 நவம்பரில் மசூலிப்பட்டினத்துப் புயலில் பாய்மரத்தைப் பறிகொடுத்த 'ஆன்' என்ற ஆங்கிலக் கப்பல் வேறு மரம் தேடி வந்தது இந்தக் கொட்டியாரக் குடாவுக்குத்தான். வந்த இடத்தில் கண்டி அரசனின் ஆட்களிடம் சிக்கி, பத்தொன்பது வருஷம் சிறையிருந்த ராபர்ட் நாக்ஸ் பிறகு தப்பிப்போய் எழுதிய புத்தகம் உலகப் புகழ் பெற்றது. ஆந்திரக் கரையில் ஒடிந்த மரத்துக்கு மாற்று கிடைக்கும் இடம் திருகோணமலை என்று அன்றைக்கே மாலுமிகளுக்குத் தெரிந்திருக்கிறது.

இனி 1782. அந்த ஒரே வருஷத்தில் துறைமுகம் மூன்று கொடிகளைப் பார்த்தது. வருஷம் பிறக்கும்போது டச்சுக் கொடி. ஜனவரியில் ஆங்கில அட்மிரல் எட்வர்ட் ஹியூஸ் ஓஸ்தன்பர்க் கோட்டையைத் தாக்கிப் பிடித்தார். இதே ஹியூஸ்தான் 1780 டிசம்பரில் மங்களூரில் புகுந்து ஐதரின் கப்பல்களை நாசம் செய்தவர். அதன்பிறகு ஐதருக்கு நிலத்தில் எதிரிகளை நடுங்க வைத்த குதிரைப்படை இருந்தது, கிழக்குக் கரையில் சொந்தமாக ஒரு கப்பற்படை இல்லை. பிரெஞ்சுக்காரர் கடல்வழியாக ஆளும் ஆயுதமும் கொண்டுவந்தால்தான் உண்டு.

அவர் நம்பிய மனிதர் பிரெஞ்சுக் கடற்படைத் தளபதி சஃப்ரன். புதுச்சேரியில் சஃப்ரன் வீதியில் நடந்திருப்பீர்கள், அவரேதான். நல்ல பருமனான ஆள், முன்கோபி, தன் கீழிருந்த கேப்டன்களோடு ஓயாத மல்லுக்கட்டு. எனக்கு அவரை அவ்வளவு பிடிக்கும். பழுதுபார்க்கத் துறைமுகம் இல்லாமல், மாற்றுப் பாய்மரம் இல்லாமல், அந்த ஒரே வருஷத்தில் ஹியூஸோடு நான்கு முறை மோதினார். சதுரங்கப்பட்டினம், இலங்கையின் கிழக்குக் கரையில் புரொவிடியன் என்ற பாறைத்தீவு, நாகப்பட்டினம், கடைசியாகத் திருகோணமலை. ஜூலைக் கடைசியில் கடலூரில் ஐதரும் அவரும் நேரில் சந்தித்தார்கள். அந்தக் கூடாரத்துக்குள் ஒரு நிமிஷம் நின்று பார்க்க முடியுமானால் நான் எதை வேண்டுமானாலும் கொடுப்பேன்.

சந்திப்பு முடிந்த ஒரு மாதத்துக்குள் சஃப்ரன் திருகோணமலையில் படையை இறக்கினார். ஆகஸ்ட் 31-க்குள் கோட்டைகள் அவர் கையில். ஹியூஸ் சென்னையிலிருந்து ஓடி வந்தார், ஆனால் எதிர்க்காற்று விடவில்லை. செப்டம்பர் 2 அன்று அவர் வந்து சேர்ந்தபோது கோட்டையில் பறந்தது பிரெஞ்சுக் கொடி. படகுப் பெரியவரின் சோளகம்தான் அது!

மறுநாள் சண்டை. பிரெஞ்சுப் பக்கம் 14 பெரிய கப்பல்கள், ஆங்கிலேயர் பக்கம் 12. சஃப்ரனின் 'ஹீரோஸ்' நடுவில் மாட்டிக்கொண்டது. அதன் பெரிய பாய்மரம் முறிந்து கொடியோடு விழுந்தது. கப்பல் சரணடைந்துவிட்டது என்று யாரும் நினைத்துவிடக் கூடாதென்று, கிடைத்த வெள்ளைக் கொடிகளை எல்லாம் கப்பலைச் சுற்றிக் கட்டச் சொல்லி அவர் கத்தினார் என்கிறார்கள். பிரெஞ்சு அரசரின் கொடி அன்று வெள்ளை. ஃபிரெட்ரிக் கோட்டையின் உச்சியில், சுவாமி மலைப் பாறை விளிம்பில் நின்று அந்தக் கடலைப் பார்த்தபோது, பீரங்கிப் புகைக்கு நடுவே அந்தக் கொடிகள் எனக்குத் தெரிந்தன. இருட்டிய பிறகு இரு தரப்பும் பிரிந்தன. இரு பக்கமும் ஒரு கப்பலைக்கூடப் பிடிக்கவில்லை. திரும்பும் வழியில் 'ஓரியன்ட்' என்ற 74 பீரங்கிக் கப்பலைப் பாறையில் ஏற்றித் தொலைத்தது பிரெஞ்சுக்காரரின் கெட்ட நேரம்.

அமெரிக்கக் கடற்படை அதிகாரி மாஹன் 1890-இல் எழுதிய கடல்வலிமை நூலில் இந்தப் போருக்கு ஒரு முழு அத்தியாயமே ஒதுக்கியிருக்கிறார். புதுச்சேரியில் இரண்டாம் வீராநாயக்கர் 1778 முதல் 1792 வரை எழுதிய தமிழ் நாட்குறிப்பும் இந்தக் காலத்தைச் சேர்ந்ததே. நம் மொழியிலேயே அந்தக் காலத்துச் சாட்சி இருப்பதில் எனக்கு அளவில்லாத பெருமை.

1784-இல் துறைமுகம் டச்சுக்காரரிடம் திரும்பியது. 1795-இல் பிடித்த ஆங்கிலேயர் 1957 வரை கடற்படைத் தளத்தை விடவில்லை. 1942 ஏப்ரல் 6 அன்று விசாகப்பட்டினத்திலும் காக்கிநாடாவிலும் குண்டு போட்ட ஜப்பானியர், 9-ஆம் தேதி திருகோணமலையைத் தாக்கினார்கள். ஆங்கிலேயரின் 'ஹெர்மஸ்' என்ற விமானந்தாங்கிக் கப்பல் அன்றே மட்டக்களப்புக்கு அப்பால் மூழ்கியது. 1950 டிசம்பர் 9 அன்று பிறந்த இலங்கைக் கடற்படைக்கு இன்றும் இதுவே முக்கியமான தளம். அதற்குப் பிறகு வந்த உள்நாட்டுப் போர்க்காலத்தைப் பற்றிப் படகுப் பெரியவர் ஒன்றும் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை.

இன்னொன்றைச் சொல்லாமல் விட மாட்டேன். ஃபிரெட்ரிக் கோட்டை வாசலில் பாண்டியரின் இரட்டைக் கயல் செதுக்கிய கல்லைத் தொட்டுப் பார்த்தேன். போர்த்துக்கீசியர் கோணேசர் கோயிலை இடித்து, அந்தக் கல்லிலேயே கோட்டை கட்டினார்கள். மான்கள் மேயும் சாலையில் ஏறினால் மேலே மறுபடி எழுந்த கோயில். அதற்குத் தென்கயிலை என்று பெயர். எங்கள் திருப்பதிக்குப் பக்கத்துக் காளத்தியையும் தட்சிண கைலாசம் என்றுதான் கும்பிடுகிறோம். ஞானசம்பந்தர் இரண்டையும் பாடியிருக்கிறார். ஊரைவிட்டு இவ்வளவு தூரம் வந்தும் ஊரிலேயே நிற்கிற மாதிரி இருந்தது.

மறுபடி 1782-க்கு வருகிறேன். சஃப்ரன் அந்த வருஷத்து வாடைக் காலத்தைச் சுமத்ராவின் அச்சேயில் கழித்துவிட்டு 1783 ஜனவரியில் கஞ்சம் கரைக்கு வந்தபோதுதான் நரசிங்கராயன்பேட்டைச் செய்தி அவருக்குத் தெரிந்தது. ஐதர் போய் ஒரு மாதம் ஆகியிருந்தது.

திருப்பதிக்கோ காணிப்பாக்கத்துக்கோ வருகிறவர்கள் அரை நாள் ஒதுக்கி நரசிங்கராயன்பேட்டைக்குப் போய்ப் பாருங்கள். திருகோணமலைக்குப் போவதென்றால் சோளகக் காலத்தில், வைகாசிக்கும் ஆவணிக்கும் நடுவில் போங்கள். மூதூர்ப் படகில் வலது இடது பார்க்காமல் பின்பக்கம் இடம் பிடியுங்கள். துறைமுகம் அங்கிருந்துதான் முழுசாகத் தெரியும்.